பவுல் வேகெனரோட ‘கோலெம்’ ப்ளூரே: டர்பன்ல இருந்து ஒரு ரிவ்யூ

1920ல வந்த ஜெர்மன் ஊமைப்படம் ‘கோலெம்’, 4கே ரெஸ்டோரேஷன் பண்ணி 2019ல இங்கிலாந்துல போட்ட ப்ளூரே, வாங்கலாமான்னு யோசிக்கிறவங்க கண்ணை மூடிட்டு வாங்குங்க. ப்ளூரே டிஸ்க்கை நாட்டு வாரியா ரீஜியன்னு பிரிச்சிருக்காங்க, இங்கிலாந்து மாதிரியே நம்ம சவுத் ஆப்பிரிக்காவும் ரீஜியன் பி தான், அதனால இங்க கடையில வாங்குன பிளேயர்லயே ஓடும், கொரியர் காசு தான் கொஞ்சம் வலிக்கும்.

பவுல் வேகெனர்ங்கிற நடிகருக்காகவே இதை வாங்கணும். பெர்லின்ல நாடக இயக்குநர் மாக்ஸ் ரைன்ஹார்ட்கிட்ட நாடகம் நடிச்சு பேர் வாங்குன மனுஷன், சினிமாவுக்கு வந்ததும் பாட்டி கதைங்களைத்தான் தேடிப் போனாரு, 1916ல ரூபெட்சால்ங்கிற மலை பூதம், 1918ல ஹாமெல்ன் ஊர்ல குழல் ஊதி எலிங்களைக் கூட்டிட்டுப் போறவன், அதுல நிஜ எலி எங்க சொன்ன பேச்சு கேக்குது, அனிமேஷன் கலைஞர் லோட்டே ரைனிகர் மர எலிங்களைக் கொஞ்சம் கொஞ்சமா நகர்த்தி எடுத்துக் குடுத்தாங்க. கோலெம்ங்கிற களிமண் மனுஷன் வேஷம் மட்டும் மூணு படத்துல போட்டாரு, 1915ல எடுத்தது பெரும்பாலும் தொலைஞ்சே போச்சு, நமக்கு முழுசா கிடைச்சது இந்த 1920 படம் தான்.

பிராக் நகரத்து யூதர்களை ஊரை விட்டுப் போகச் சொல்லி பேரரசர் உத்தரவு போட, யூத மதகுரு ரபி லோவ் களிமண்ணுல ஒரு ஆளைச் செஞ்சு, மந்திரச் சொல்லை உள்ள வெச்ச நட்சத்திரத்தை நெஞ்சுல பதிச்சு உசுரு குடுக்கிறாரு. அரண்மனை கூரை இடிஞ்சு விழறப்ப கோலெம் ரெண்டு கையால தாங்கிப் பிடிக்கிற சீன்ல அந்த உடம்போட கனம் நமக்கே உறைக்கும். கடைசியில ஒரு சின்னப் பொண்ணைத் தூக்கி வெச்சுக்குவாரு, அது ஆப்பிள் நீட்டும், கல்லு மாதிரி இருந்த மூஞ்சி அப்படியே இளகும் பாருங்க, அதே கையால அந்தக் குழந்தை விளையாட்டா நட்சத்திரத்தைப் பிடுங்கிடும். எனக்கு அந்த இடத்துல அழுகையே வந்துடுச்சு. நேட்டால் பக்கம் சிக்ஸ் ஃபுட்னு சொல்ற தெருக்கூத்து பாத்து வளர்ந்தவங்களுக்கு இந்த நிதானமான கனத்த அசைவு அந்நியமாவே தெரியாது, வேஷம் கட்டுனதும் ஆள் மறைஞ்சு போற அதே வித்தை.

ஹான்ஸ் போயல்ட்சிக் போட்ட செட்ல வீடுங்களும் களிமண்ணுல பிசைஞ்ச மாதிரி கோணிக்கிட்டு நிக்குது, இந்தப் பிரிண்ட்ல அதெல்லாம் தெளிவா இருக்கு. மூணு வகை மியூசிக் இருக்கு, முதல் தடவை ஸ்டீபன் ஹார்னோடது போடுங்க, எலெக்ட்ரானிக் டிராக் எனக்கு ஒட்டல. அமெரிக்க வெர்ஷனும் கூடவே வருது, அதை ஒரு தடவை பாத்தா போதும். படம் ஒண்ணேகால் மணி நேரம் தான், எழுத்து கார்டுங்களுக்கு இங்கிலீஷ் சப்டைட்டில் வரும், வீட்டுப் பெரியவங்க கூட இருந்தா பக்கத்துல உக்காந்து தமிழ்ல சொல்லிக்கிட்டே பாருங்க, வசனம் கம்மி, நல்லாவே ஒத்து வரும்.