"வாய்ஸ் சாட் ஃபிக்ஸ் 799 ரூபாய்" ஆட்களிடம் ஜாக்கிரதை: காசும் போச்சு, டிஸ்கார்ட் கணக்கும் போச்சு

வாலரன்ட் ஆடும் ஒரு கல்லூரி மாணவர். வீட்டில் டெஸ்க்டாப், கையில் புது ஹெட்செட். கேமின் சத்தம் தெளிவாகக் கேட்கிறது, ஆனால் அவர் பேசுவது டீமில் ஒருவருக்கும் கேட்கவில்லை. கேமிங் குரூப் ஒன்றில் கேட்டார். கொஞ்ச நேரத்தில் தனி மெசேஜ் வந்தது: "ப்ரோ, வாய்ஸ் சாட் ஃபிக்ஸ் 799. ரிமோட்ல பண்ணித் தரேன். ஒர்க் ஆகலன்னா ஃபுல் ரீஃபண்ட்."

பணம் போனதும் அந்த ஆள் எனிடெஸ்க் (தூரத்திலிருந்தே இன்னொரு கணினியை இயக்க உதவும் ஆப்) போடச் சொன்னார். உள்ளே வந்தவர் முதலில் விண்டோஸ் செக்யூரிட்டியை அணைத்தார், ஏதோ ஒரு டிரைவர் அப்டேட்டரை இறக்கி ஓட்டினார். மைக் வரவில்லை. "போர்ட் பிளாக் ஆகியிருக்கு ப்ரோ, ஓப்பன் பண்ண 500 எக்ஸ்ட்ரா." அதுவும் கொடுத்தாயிற்று. அப்போதும் வரவில்லை. கடைசியில் "மதர்போர்டு சவுண்ட் சிப் போயிடுச்சு, யூஎஸ்பி சவுண்ட் கார்டு நானே கூரியர்ல அனுப்புறேன், 1,450" என்றார். ஆக மொத்தம் 2,749 ரூபாய். சவுண்ட் கார்டு வரவே இல்லை. ரீஃபண்ட் கேட்டதும் பிளாக். அடுத்த சில நாட்களில் மாணவரின் டிஸ்கார்ட் (கேம் ஆடுபவர்கள் பேசிக்கொள்ளும் ஆப்) கணக்கிலிருந்து நண்பர்கள் எல்லோருக்கும் "இலவச நைட்ரோ" (டிஸ்கார்டின் கட்டணச் சந்தா) என்ற மோசடி லிங்க் போக ஆரம்பித்தது.

உண்மையான கோளாறு என்ன தெரியுமா? ஹெட்செட்டின் ஒற்றைப் பின்னை கேபினெட்டின் பச்சை ஓட்டையில் சொருகியிருந்தார். பச்சை ஓட்டை சத்தம் வெளியே வருவதற்கு மட்டும்தான், அதில் மைக் எப்படிச் சொருகினாலும் வேலை செய்யாது. தேவைப்பட்டது சில நூறு ரூபாய்க்குள் கிடைக்கும் ஒரு ஒய் கேபிள்.

இது ஒருவரின் துரதிர்ஷ்டம் அல்ல. இந்தச் "சேவை"யின் வழக்கமான பாதையே இதுதான். அந்த ஆள் செய்த ஒவ்வொன்றையும் பிரித்துப் பார்த்தால் எது வேலை, எது வித்தை என்று புரியும்.

முதலில் பின். 3.5 மி.மீ. பின்னை வெளிச்சத்தில் பிடித்து அதன் மேல் உள்ள கறுப்பு வளையங்களை எண்ணுங்கள். 2 வளையம் இருந்தால் மூன்று தொடர்பு: இடது, வலது, கிரவுண்ட். மைக் கிடையாது. 3 வளையம் இருந்தால் நான்கு தொடர்பு. அதில் மைக்கும் சேர்ந்து வருகிறது. ஹெட்போன் ஓட்டை உள்ள போன், பெரும்பாலான புது லேப்டாப், கன்சோல் கன்ட்ரோலர் எல்லாம் நான்கு தொடர்புள்ள ஒரே ஓட்டையோடு வருபவை. டெஸ்க்டாப்பில் பச்சை தனி, மைக்குக்கான இளஞ்சிவப்பு தனி. ஆகவே டெஸ்க்டாப்புக்கு வேண்டிய கேபிளில் ஒரு முனையில் 3 வளையப் பின் நுழையும் பெண் சாக்கெட் இருக்க வேண்டும். மறுமுனையில் தலா 2 வளையம் உள்ள இரண்டு ஆண் பின்கள், ஒன்றில் ஹெட்போன் படம், இன்னொன்றில் மைக் படம்.

கடையில் இதைக் கேட்டால் பாதி நேரம் வேறொன்றை எடுத்துத் தருவார்கள். ஒரே போனில் இருவர் பாட்டுக் கேட்பதற்கான ஸ்பிளிட்டர் அது: ஒரு ஆண் பின், இரண்டு பெண் சாக்கெட். பார்க்க அச்சாக ஒன்று போலவே இருக்கும், மைக்குக்கு ஒரு பயனும் இல்லை. அதை வாங்கிப் போட்டுவிட்டு "கேபிள் மாற்றியும் வரவில்லை" என்று வருபவர்கள்தான் ரிமோட் ஆட்களுக்கு நல்ல இரை. பழைய இரட்டைப் பின் ஹெட்செட்டை லேப்டாப்பில் போட வேண்டுமென்றால் கதை தலைகீழ்: இரண்டு பெண், ஒரு நான்கு தொடர்பு ஆண்.

இன்னொரு சின்ன அடையாளம். சில பழைய ஹெட்செட்களில் மைக்கும் கிரவுண்டும் இடம் மாறியிருக்கும். அப்படிப்பட்டதைச் சொருகினால் பாட்டில் இசை கேட்கும், பாடுபவரின் குரல் மட்டும் கிணற்றுக்குள் போனது போல மங்கிவிடும். வயரில் உள்ள பட்டனை அழுத்திப் பிடித்தால் குரல் திரும்பி வரும். இது டிரைவர் கோளாறே இல்லை, அடாப்டர் மாற்றினால் சரியாகும்.

ஹெட்செட் பழுதா, கணினி பழுதா என்று தெரிந்துகொள்ள யாருக்கும் காசு தர வேண்டாம். ஹெட்செட்டைப் போனில் சொருகி, வாய்ஸ் ரெக்கார்டரைத் திறந்து, மைக் நுனியை விரலால் லேசாகத் தேய்த்துக்கொண்டே பதிவு செய்யுங்கள். தேய்க்கும் சத்தம் பதிவில் பெரிதாகக் கேட்டால் ஹெட்செட் மைக் உயிரோடு இருக்கிறது. பேச்சு மட்டும் கேட்டு, தேய்த்த சத்தம் கேட்கவில்லை என்றால் பதிவு செய்தது போனின் சொந்த மைக். கழற்றி மாட்டும் மைக் என்றால் கடைசி ஒரு மில்லிமீட்டர் உள்ளே போகாமல் நிற்பது சகஜம், "க்ளிக்" என்று உட்காரும்வரை தள்ளுங்கள். வயரில் உள்ள மியூட் சுவிட்சையும் ஒரு முறை பாருங்கள். அபத்தமாகத் தோன்றும்தான், ஆனால் இதனால் காசு போனவர்களும் உண்டு.

"டிரைவர் கரப்ட்" என்பது இவர்களின் பல்லவி. மைக் வராததற்கு விண்டோஸில் இருக்கும் காரணங்களில் பெரும்பாலானவை செட்டிங்ஸ். விண்டோஸ் 11 இல் செட்டிங்ஸ், பிரைவசி அண்ட் செக்யூரிட்டி, மைக்ரோஃபோன் என்று போங்கள். அங்கே 3 சுவிட்சுகள் உண்டு: மைக் அனுமதி, ஆப்களுக்கு அனுமதி, கீழே டெஸ்க்டாப் ஆப்களுக்கு அனுமதி. பலர் மேல் இரண்டைப் பார்த்துவிட்டு வந்துவிடுகிறார்கள். ஸ்டீம் (கேம் வாங்கி ஆடும் தளம்), டிஸ்கார்ட், வாலரன்ட் எல்லாம் மூன்றாவதன் கீழ் வருபவை.

பிறகு சிஸ்டம், சவுண்ட், மோர் சவுண்ட் செட்டிங்ஸ், ரெக்கார்டிங். பேசும்போது எந்த மைக்கின் பச்சைக் கோடு ஏறுகிறதோ அதை வலது கிளிக் செய்து "டிஃபால்ட் டிவைஸ்", "டிஃபால்ட் கம்யூனிகேஷன் டிவைஸ்" இரண்டாகவும் வையுங்கள். இவை தனித்தனி. ஒன்று ஹெட்செட்டையும் இன்னொன்று வெப்கேம் மைக்கையும் காட்டிக்கொண்டிருந்தால் டிஸ்கார்டில் குரல் போய், கேமில் போகாமல் நிற்கலாம். பட்டியலில் "ஸ்டீரியோ மிக்ஸ்" டிஃபால்ட்டாக இருந்தால் டீமுக்கு உங்கள் குரலுக்குப் பதில் உங்கள் கணினியின் துப்பாக்கிச் சத்தம் போகும். குரல் மாற்றும் மென்பொருள் எதையாவது போட்டு நீக்கியிருந்தால் அதன் போலி மைக் அங்கேயே உட்கார்ந்திருக்கலாம், டிசேபிள் செய்யுங்கள். குரல் சன்னமாகப் போனால் மைக் ப்ராப்பர்ட்டீஸில் லெவல்ஸ் பக்கம் பாருங்கள். பூஸ்ட் இருந்தால் 10 டெசிபல் போதும். 30க்கு ஏற்றினால் மின்விசிறியும் சேர்ந்து பேசும். அட்வான்ஸ்டு பக்கத்தில் ஒரே ஆப் மைக்கைத் தனியாகப் பிடித்துக்கொள்ள அனுமதிக்கும் டிக்கை எடுத்துவிடுங்கள்.

நண்பர் பேசியவுடன் கேமின் சத்தம் திடீரென்று இறங்குகிறதா? அதே சவுண்ட் ஜன்னலில் கம்யூனிகேஷன்ஸ் பக்கம், மற்ற சத்தத்தை 80 சதவீதம் குறைக்கும் தேர்வு இருக்கும். "டூ நத்திங்" வையுங்கள். அவ்வளவுதான். இதற்கும் ஒருவர் "ஆடியோ ஆப்டிமைசேஷன்" என்று பேர் வைத்து 300 ரூபாய் வாங்கியிருக்கிறார்.

கேமுக்குள்ளும் ஒரு பார்வை. வாலரன்ட்டில் ஆடியோ, வாய்ஸ் சாட் பக்கத்தில் இன்புட் டிவைஸைப் பெயரோடு தேர்ந்தெடுத்து லூப்பேக் டெஸ்ட்டை ஆன் செய்தால் உங்கள் குரல் உங்களுக்கே கேட்கும். டீம் குரலுக்கு வி பட்டன், பார்ட்டி குரலுக்கு யு, இரண்டும் வேறு. டிஸ்கார்டில் புஷ் டு டாக் (பட்டனை அழுத்தினால் மட்டும் குரல் போகும் முறை) வைத்திருக்கிறீர்கள், டெஸ்க்டாப்பில் இருக்கும்போது வேலை செய்கிறது, கேமுக்குள் போனால் செத்துவிடுகிறது என்றால் கேம் அட்மினிஸ்ட்ரேட்டராக ஓடுகிறது, டிஸ்கார்ட் சாதாரணமாக ஓடுகிறது என்று பொருள். மேல் அதிகாரத்தில் ஓடும் ஜன்னல் முன்னால் இருக்கும்போது கீழே இருக்கும் ஆப்புக்கு விசை அழுத்தத்தை விண்டோஸ் காட்டாது. கேமின் ஷார்ட்கட்டில் அட்மின் டிக்கை எடுங்கள். முடியாவிட்டால் டிஸ்கார்டையும் அட்மினாகத் திறங்கள்.

ப்ளூடூத் பற்றிக் கடைக்காரர்கள் சொல்லாத சங்கதி ஒன்று. ப்ளூடூத் ஹெட்செட்டில் பாட்டுக்கு ஒரு பாதை, பேச்சுக்கு வேறு பாதை. கேம் மைக்கைத் திறந்த நொடியே ஹெட்செட் பேச்சுப் பாதைக்கு மாறிவிடும். அங்கே ஒலி 8 அல்லது 16 கிலோஹெர்ட்ஸ் மாதிரியில், ஸ்டீரியோ இல்லாமல், பழைய டெலிஃபோன் போலக் கேட்கும். ஹெட்செட் பழுதில்லை. இதைச் சொல்லிக் கடைக்குப் போனால் "மாடல் பழசு சார், மேல் மாடல் எடுங்க" என்று இன்னொரு ப்ளூடூத்தையே தலையில் கட்டுவார்கள். கணினி, ஹெட்செட் இரண்டுமே எல்இ ஆடியோ என்ற புது ப்ளூடூத் ஒலி முறையை ஆதரித்தால் ஒழிய அதிலும் இதே கதிதான். காசில்லாத தீர்வு: கேமில் இன்புட்டை லேப்டாப்பின் சொந்த மைக்குக்கு மாற்றி, ஹெட்செட்டைக் கேட்க மட்டும் வையுங்கள். காசு போடுவதாக இருந்தால் வயர் ஹெட்செட், இல்லை யூஎஸ்பி டாங்கிளோடு வரும் 2.4 கிகாஹெர்ட்ஸ் வகை. பிஎஸ்5, எக்ஸ்பாக்ஸ் இரண்டும் சாதாரண ப்ளூடூத் ஹெட்செட்டை நேரடியாக ஏற்பதே இல்லை என்பதையும் வாங்கும் முன்பே தெரிந்துகொள்ளுங்கள்.

இனி அந்த 500 ரூபாய் "போர்ட் ஓப்பன்". இங்கே போர்ட் என்பது கேபிள் சொருகும் ஓட்டை அல்ல, இணையத் தரவு வந்து போகும் வாசல். வாலரன்ட், கவுன்டர் ஸ்ட்ரைக் 2, டிஸ்கார்ட் மூன்றிலும் குரல் சர்வர் வழியாகப் போகிறது. நீங்கள்தான் வெளியே போய் சர்வரைத் தொடுகிறீர்கள். வெளியிலிருந்து யாரும் உங்கள் வீட்டுக் கதவைத் தட்டுவதில்லை. ரவுட்டரில் போர்ட் திறப்பதால் இங்கே ஆகப்போவது ஒன்றுமில்லை. டிஸ்கார்ட் "ஆர்டிசி கனெக்டிங்" அல்லது "நோ ரூட்" என்று நின்றால் பார்க்க வேண்டியது யூடிபி (குரல் தரவு போகும் வழிமுறை) போக்குவரத்து தடைபட்டிருக்கிறதா என்பது. விபிஎன், ஆன்டிவைரஸ் ஃபயர்வால், ஹாஸ்டல் வைஃபை மூன்றும் வழக்கமான குற்றவாளிகள். போனின் ஹாட்ஸ்பாட்டில் கணினியை இணைத்துப் பாருங்கள். அதில் குரல் போனால் கணினியில் யாரும் கை வைக்கத் தேவையில்லை, சிக்கல் வீட்டு இணைப்பில்.

நேட் (வீட்டுச் சாதனங்கள் ஒரே இணைய முகவரியைப் பகிரும் முறை) வகை பொருட்படுவது முக்கியமாகக் கன்சோல் பார்ட்டி சாட்டில். பிஎஸ்5 இல் நெட்வொர்க் டெஸ்ட் நேட் டைப் 3 (மிகவும் கட்டுப்பாடான வகை) என்று காட்டினால் ரவுட்டரில், தேவையான போர்ட்டைத் தானே திறக்கும் யூபிஎன்பியை ஆன் செய்து இரண்டையும் மறுபடி தொடங்குங்கள். அதற்கும் மசியவில்லை என்றால் ரவுட்டரின் வேன் ஐபியை, அதாவது அதன் வெளிப்பக்க இணைய முகவரியைப் பாருங்கள். அது 100.64 முதல் 100.127 வரையில் தொடங்கினாலோ, இணையத்தில் "என் ஐபி என்ன" என்று தேடினால் வரும் எண்ணோடு பொருந்தாவிட்டாலோ, பெரும்பாலும் உங்கள் இணைய நிறுவனம் பல வீடுகளுக்கு ஒரே பொது ஐபியைப் பகிர்ந்து தருகிறது. அந்த நிலையில் உங்கள் ரவுட்டரில் எந்தக் கொம்பனும் போர்ட் திறந்து பயனில்லை; இணைய நிறுவனத்திடம் பொது ஐபி கேட்டு வாங்க வேண்டும். இது தெரிந்தே காசு வாங்குகிறவர்களும் உண்டு, தெரியாமல் வாங்குகிறவர்களும் உண்டு. உங்கள் பைக்கு இரண்டும் ஒன்றுதான்.

மொபைலில் ஆடுபவர்களுக்கு வேறு வலை: "வாய்ஸ் ஃபிக்ஸ் ஏபிகே". பிஜிஎம்ஐ போன்ற கேமில் வெளியிலிருந்து எடுத்த, மாற்றப்பட்ட ஆப்பைப் போட்டால் கணக்கே தடைபடும். உண்மையில் பார்க்க வேண்டியது ஆப் பர்மிஷனில் மைக். அடுத்து, ஆண்ட்ராய்டு 12 முதல் மேலிருந்து இழுக்கும் பட்டியில் "மைக் ஆக்சஸ்" என்று ஒரு பட்டன் உண்டு. கை தவறிப் பட்டால் எல்லா ஆப்புக்கும் மைக் மூடிவிடும். "வாய்ஸ் பேன் எடுத்துத் தருகிறேன்" என்பது இன்னும் மோசம். தவறாகப் பேசியதற்குக் கேம் நிறுவனம் போட்ட தடையை எடுக்க அந்த நிறுவனத்தால் மட்டுமே முடியும். ஸ்டீம், டிஸ்கார்ட் இரண்டுக்கும் போன் உதவி எண்ணே கிடையாது. கூகுளில் இவற்றின் "கஸ்டமர் கேர்" என்று வரும் மொபைல் எண் எதுவானாலும் போலிதான்.

ஏற்கெனவே ரிமோட் கொடுத்துவிட்டீர்கள் என்றால் இந்த வரிசையில் செய்யுங்கள். இணையத்தைத் துண்டியுங்கள். அந்த ஆளின் எனிடெஸ்க் இணைப்பு விவரத்தை எடுத்து வைத்துக்கொண்டு எனிடெஸ்க்கை நீக்குங்கள், நீக்காமல் விட்டால், நீங்கள் இல்லாதபோதும் உள்ளே வர அவர் வைத்த கடவுச்சொல் அப்படியே இருக்கும். அவர் போட்ட டிரைவர் அப்டேட்டரையும் எடுங்கள். பிறகு இணைப்பைக் கொடுத்து, விண்டோஸ் செக்யூரிட்டியை ஆன் செய்து, அப்டேட் ஆனதும் ஆஃப்லைன் ஸ்கேன் ஓட்டுங்கள். ஸ்கேன் தொடாமல் விடும் எக்ஸ்க்லூஷன்ஸ் பட்டியலையும் பாருங்கள். அங்கே நீங்கள் சேர்க்காத ஃபோல்டர் இருந்தால் எடுத்துவிடுங்கள். அதன் பிறகு கடவுச்சொற்களை அந்தக் கணினியில் அல்ல, போனிலிருந்து மாற்றுங்கள்: முதலில் மெயில், அடுத்து டிஸ்கார்ட், ஸ்டீம், ரயட் (வாலரன்ட்டின் நிறுவனம்). டிஸ்கார்டில் கடவுச்சொல் மாறியதும் திருடப்பட்ட பழைய லாகின் செத்துவிடும். ஸ்டீமில் எல்லாச் சாதனங்களையும் வெளியேற்றிவிட்டு, வெப் ஏபிஐ கீ (வேறு மென்பொருள் உங்கள் கணக்கைத் தொட உதவும் சாவி) பக்கத்தில் நீங்கள் உருவாக்காத சாவி இருந்தால் ரத்து செய்யுங்கள். ஸ்கின் (கேமில் வாங்கும் அலங்காரப் பொருள்) திருடுபவர்கள் விட்டுவைக்கும் பின்வாசல் அதுதான்.

"ரீஃபண்டுக்கு இந்த கியூஆரை ஸ்கேன் பண்ணுங்க" என்று வந்தால் தொடாதீர்கள். பணம் வாங்க யுபிஐ பின் போடத் தேவையே இல்லை. பணம் போயிருந்தால் சைபர் மோசடி உதவி எண் 1930க்கு உடனே கூப்பிடுங்கள். யுபிஐ பரிவர்த்தனை எண், சாட் ஸ்கிரீன்ஷாட், அந்த ஆளின் எனிடெஸ்க் இணைப்பு விவரம் மூன்றையும் அழிக்காமல் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். தேசிய சைபர் குற்றப் புகார் தளத்திலும் பதியலாம். ரிமோட் ஆளாக இல்லாமல் கடைக்காரர் தவறான கேபிளையோ ஹெட்செட்டையோ தந்துவிட்டு மாற்ற மறுத்தால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915. பில் இல்லாவிட்டால் அங்கே பேச்சு நீளாது, 150 ரூபாய் கேபிளானாலும் பில் கேட்டு வாங்குங்கள்.