ஸ்வெத்லானா: 14 யூரோவுக்கு வாங்கிய ஒரு பெயர் அறிக்கை

நான் எழுதிவரும் நெடுங்கதையில், 1860களின் ரஷ்யக் கிராமம் ஒன்றில் பிறக்கும் பெண்ணுக்கு ஸ்வெத்லானா என்று பெயர் வைத்திருந்தேன். அந்தப் பெயர் அந்தக் காலத்துக்கும் அந்தச் சூழலுக்கும் பொருந்துமா என்ற ஐயம் எழுந்தபோது, ஸ்லாவியப் பெயர்களின் பொருளையும் பண்பாட்டுப் பின்னணியையும் பெயருக்கு ஓர் அறிக்கையாகத் தொகுத்து அனுப்பும் இணையச் சேவை ஒன்றில் 14 யூரோ செலுத்தினேன். மூன்றாம் நாள் 11 பக்கப் பிடிஎஃப் கோப்பு ஒன்றும் இரண்டு ஒலிப்பதிவுகளும் மின்னஞ்சலில் வந்தன. சேவையின் பெயரை நான் இங்கே குறிப்பிடவில்லை. இதே முறையில் இயங்கும் சேவைகள் பல இருப்பதால், இப்படிப்பட்ட அறிக்கையில் எதை நம்பலாம், எதைச் சரிபார்த்துக்கொள்ள வேண்டும் என்பதைச் சொல்வதே வாங்க நினைப்பவர்களுக்குப் பயன்படும் என்று கருதுகிறேன்.

முதலில் மனநிறைவு தந்ததைச் சொல்லிவிடுகிறேன். ஒலிப்பதிவுகள் இரண்டும் மிக நன்றாக இருந்தன. முதல் பதிவில் ஒரு பெண்குரல் பெயரை மூன்று முறை நிதானமாகச் சொல்கிறது; இரண்டாவதில் அதே பெயர் சிறுசிறு வாக்கியங்களுக்குள், அன்றாடப் பேச்சின் வேகத்தில் வருகிறது. ரஷ்ய மொழியின் 'த்' நாக்கின் நுனி பல்லைத் தொட்டுப் பிறக்கும் ஒலி என்பதால், ஆங்கிலத்தின் வழியே நமக்கு வந்துசேர்ந்த 'ஸ்வெட்லானா' என்பதைவிட 'ஸ்வெத்லானா' என்று எழுதுவதே மூலத்துக்கு நெருக்கமானது என்பது முதல் முறை கேட்டபோதே தெளிவாகிவிட்டது. அழுத்தம் நடுவில் உள்ள 'லா'வில் விழுவதால், முன்னால் இருக்கும் 'எ' மெலிந்து ஏறத்தாழ 'இ'யாகவே காதில் விழுகிறது. கடைசி 'னா'வும் அரைகுறையாகத் தேய்ந்து முடிகிறது. எழுத்தை மட்டும் பார்த்துப் படிப்பவருக்கு இவை எட்டாத செய்திகள். இந்த ஒலிப்பதிவுக்காகவே பாதித் தொகையைக் கொடுக்கலாம்.

செல்லப் பெயர்களுக்கு ஒதுக்கிய இரண்டு பக்கங்களும் அதே அளவு கவனத்தோடு எழுதப்பட்டிருக்கின்றன. வீட்டிலும் நண்பர்களிடையிலும் ஸ்வேதா என்பதே இயல்பான அழைப்பு. அன்பு மிகும்போது ஸ்வேதோச்கா, இன்னும் கொஞ்சும்போது ஸ்வேதிக். விளையாட்டுத் தோழிகள் உரிமையோடு சொல்லும் ஸ்வேத்கா, வேறொருவர் வாயிலிருந்து வந்தால் மரியாதைக் குறைவாகிவிடும். ஆசிரியரையோ மருத்துவரையோ அழைக்கும்போது முழுப் பெயரோடு தந்தையின் பெயரிலிருந்து பிறந்த பெயரையும் சேர்க்க வேண்டும். பெலருஸ் எழுத்தாளர் அலெக்சியேவிச்சை அப்படி அழைப்பதானால் ஸ்வெத்லானா அலெக்ஸாந்த்ரொவ்னா என்பார்கள். வெளிநாடுகளில் பரவலாகக் கேட்கும் லானா என்ற சுருக்கத்தைவிட ஸ்வேதா என்பதே ரஷ்யர்களின் நாவில் இயல்பாக வருகிறது என்பதையும் அறிக்கை சரியாகவே எடுத்துச் சொல்கிறது. தாய் எப்போது எப்படி அழைப்பாள், கோபத்தில் எது வரும், அந்நியர் முன்னிலையில் எது வரும் என்பதெல்லாம் கதை எழுதுகிறவருக்குப் பொன் போன்ற செய்திகள்.

இதற்குப் பிறகு பொருள் விளக்கம் வருகிறது; சறுக்கலும் அங்கேதான் தொடங்குகிறது. 'ஒளி பொருந்தியவள், தூய்மையானவள், புனிதமானவள்' என்று மூன்று பொருள்களை அறிக்கை ஒரே வரியில் அடுக்குகிறது. முதலாவது முற்றிலும் சரி. ரஷ்ய மொழியில் 'ஸ்வெத்' என்றால் ஒளி, 'ஸ்வெத்லி' என்றால் ஒளிமிக்க. அந்தப் பெயரடையின் அடிச்சொல்லோடு 'ஆனா' என்ற பெண்பால் விகுதி சேர்ந்து பெயர் உருவாகியிருக்கிறது. 'புனிதம்' என்ற மூன்றாவது பொருளோ வேறொரு வேரிலிருந்து தவறாக வந்து ஒட்டிக்கொண்டது. பழைய ஸ்லாவிய மொழியில் ஒளியைக் குறித்த சொல்லும் புனிதத்தைக் குறித்த சொல்லும் ஓர் உயிரெழுத்தால் மட்டுமே வேறுபட்டவை. ஒளியைக் குறித்ததில் இருந்தது 'யாத்' என்னும் உயிர். புனிதத்தைக் குறித்ததில் இருந்தது மூக்கின் வழியே ஒலித்த 'என்'. அந்த மூக்கொலி ரஷ்யத்தில் 'யா' ஆகி 'ஸ்வியதோய்' என்றும், செக்கில் 'ஸ்வத்தீ' என்றும் நிற்கிறது. போலிஷ் மொழியோ மூக்கொலியை இன்றும் விடாமல் 'ஷ்வியென்தி' என்று வைத்திருக்கிறது. ஸ்லொவேனியம், செர்பியம் போன்ற மொழிகளில் இரண்டு உயிர்களும் 'எ'யாக ஒன்றுபட்டுப்போனதால், 'ஸ்வெத்' என்ற ஒரே வடிவம் ஒளியின் வேரிலிருந்து பிறந்த 'உலகம்' என்ற பொருளையும் குறிக்கும், புனிதத்தையும் குறிக்கும். அறிக்கையைத் தொகுத்தவர் அந்த மொழிகளில் ஒன்றின் அகராதியை வைத்துக்கொண்டு ரஷ்யப் பெயருக்குப் பொருள் சொல்லியிருக்க வேண்டும் என்று ஊகிக்கிறேன்.

பெலருஸ் மொழியின் எழுத்துமுறையும் இந்தக் குழப்பத்துக்கு இடம் கொடுக்கக்கூடியது. அங்கே இப்பெயரை 'ஸ்வியத்லானா' என்று எழுதுகிறார்கள். பார்வைக்கு அது புனிதம் என்ற சொல்லின் உறவுபோலவே தெரியும். ஆனால் அழுத்தம் பெறும் அசைக்கு நேர்முன்னால் வரும் 'எ'யை 'யா' என்று எழுதுவது அம்மொழியின் பொதுவிதி. அதே பெயரைச் சுருக்கும்போது அழுத்தம் முதல் அசைக்கு வந்துவிடுவதால், பெலருஸிலும் அது ஸ்வேதா என்றே எழுதப்படுகிறது. வேர் ஒளிதான் என்பதற்கு இதைவிடக் கண்கூடான சான்று வேண்டியதில்லை. இந்த வேர் சமஸ்கிருதத்தின் 'ஸ்வேத' என்ற சொல்லோடு ஒரே மூலத்திலிருந்து பிறந்தது என்பதையும் அறிக்கை ஒரு வரியில் சொல்லியிருக்கலாம். மாஸ்கோவில் ஒரு தாய் மகளை ஸ்வேதா என்று அழைப்பதும் நம் செவிக்குப் பழகிய சுவேதா என்ற பெயரும் ஏன் இவ்வளவு ஒத்திருக்கின்றன என்பது விளங்கியிருக்கும்.

என்னை உண்மையில் வருத்தியது வரலாற்றுப் பகுதி. 'கிறித்துவத்துக்கு முற்பட்ட காலத்திலிருந்தே ஸ்லாவிய மக்களிடையே வழங்கிவரும் தொன்மையான பெயர்' என்று ஆறாம் பக்கம் உறுதியாகச் சொல்கிறது. வடிவத்தைப் பார்த்தால் யாருக்கும் அப்படித்தான் தோன்றும். ஆனால் இது கவிஞர்கள் உருவாக்கிப் பரப்பிய, 19ஆம் நூற்றாண்டின் இலக்கியப் பெயர். அலெக்சாந்தர் வஸ்தோக்கவ் 1802இல் எழுதிய கதைப்பாடலில் ஸ்வெத்லானா என்ற பெண் முதன்முதலாக வருகிறாள். அதன் பிறகு வசீலி ஷுகோவ்ஸ்கி 1808இல் எழுதத் தொடங்கி, 1813இல் அச்சில் வந்த கதைப்பாடலுக்கு அப்பெயரையே தலைப்பாக வைத்தார். திருக்காட்சிப் பெருநாளின் முந்தைய இரவில் பெண்கள் கூடிக் குறி பார்க்கிறார்கள். காலில் இருந்த செருப்பைக் கழற்றி வாயிற்கதவுக்கு வெளியே எறிகிறார்கள். ஸ்வெத்லானா மட்டும் நள்ளிரவில் மெழுகுவத்தியோடு கண்ணாடி முன் தனியே அமர்ந்து, தொலைவுக்குப் போன காதலனின் முகம் தெரியுமா என்று நடுங்கியபடி பார்க்கிறாள். பனிச்சறுக்கு வண்டியும் பிணமும் வெண்புறாவுமாகத் தொடரும் பயங்கரமெல்லாம் கனவாக முடிய, விடிந்ததும் அவன் உயிரோடு வந்து நிற்கிறான். இருட்டின் நடுவே அணையாமல் எரியும் அந்தச் சிறு சுடர்தான் இந்தப் பெயருக்கு ரஷ்யர்களின் மனத்தில் நிரந்தர இடம் பிடித்துக் கொடுத்தது. நண்பர்களின் 'அர்ஸமாஸ்' இலக்கியக் குழுவில் ஷுகோவ்ஸ்கிக்கு இட்ட பட்டப்பெயரே ஸ்வெத்லானா. புஷ்கின் தம் 'யெவ்கேனி அனேகின்' காவியத்தின் ஐந்தாம் அத்தியாயத்தை இந்தக் கதைப்பாடலின் இரண்டு வரிகளோடுதான் தொடங்கினார்.

வஸ்தோக்கவைப் பற்றி இன்னும் ஒன்றைச் சொல்லாமல் கடக்க மனம் வரவில்லை. கவிதையோடு நின்றுவிடாமல் மொழியியலுக்கு வந்த அவர், பழைய ஸ்லாவிய எழுத்தில் இருந்த 'யூஸ்' என்னும் குறிகள் மூக்கொலி உயிர்களைக் குறித்தவை என்பதைப் போலிஷ் மொழியோடு ஒப்பிட்டு 1820இல் நிறுவினார். ஒளியையும் புனிதத்தையும் பிரித்துக்காட்டும் அதே மூக்கொலியை உலகுக்கு விளக்கியவரும், ஸ்வெத்லானா என்ற பெயரை இலக்கியத்துக்குக் கொடுத்தவரும் ஒருவரே. பெயருக்கென்று 11 பக்கங்கள் எழுதும் அறிக்கையில் அவருக்கு ஒரு பத்தியாவது இருந்திருக்க வேண்டும்.

என் கதைக்கு இந்தப் பிழை எவ்வளவு பெரிய இடராகியிருக்கும் என்பது அடுத்த கட்டத்தில்தான் புரிந்தது. 1917 வரை ஆர்த்தடாக்ஸ் குடும்பங்களில் குழந்தைக்குப் பெயர் என்பது திருமுழுக்கின்போது, 'ஸ்வியத்சி' எனப்படும் புனிதர் நாட்காட்டியிலிருந்து தேர்ந்து வைக்கப்படுவது. அந்தப் பெயரில் ஒரு புனிதர் இருந்தாக வேண்டும். லுத்மிலா என்ற பெயரை எடுத்துக்கொள்ளுங்கள்: 'மக்களுக்கு இனியவள்' என்று பொருள்படும் அது உண்மையாகவே தொன்மையான ஸ்லாவியப் பெயர், பொஹீமியாவில் 921இல் கொல்லப்பட்ட சிற்றரசி லுத்மிலா புனிதராக ஏற்கப்பட்டதால் நாட்காட்டியிலும் அதற்கு இடம் கிடைத்தது. ஸ்வெத்லானாவுக்கு அப்படி யாரும் இல்லை. ஆகவே அந்தப் பெயரை விரும்பிய குடும்பங்கள், கிரேக்கத்தில் ஒளி என்றே பொருள்படும் ஃபொதீனா என்ற பெயரில் திருமுழுக்குப் பெறச் செய்துவிட்டு, வீட்டில் ஸ்வெத்லானா என்று அழைத்தார்கள். குழந்தைக்கு மறுக்கப்பட்ட அந்தப் பெயர் ஜார் அரசின் போர்க்கப்பலுக்குத் தடையின்றிக் கிடைத்தது; 1905இல் சுஷிமா கடற்போரில் மூழ்கிய கப்பல்களில் ஸ்வெத்லானாவும் ஒன்று. 1860களின் குடியானவக் குடும்பத்தில் பாதிரியார் அந்தப் பெயரை எழுதிக்கொண்டிருக்க வாய்ப்பே இல்லை. அறிக்கையை அப்படியே நம்பியிருந்தால் ரஷ்ய இலக்கியம் அறிந்த எந்த வாசகரும் என் கதையை முதல் பக்கத்திலேயே மூடி வைத்திருப்பார்.

1917 புரட்சிக்குப் பின் பிறப்புப் பதிவு தேவாலயத்தின் கையிலிருந்து அரசு அலுவலகத்துக்கு மாறியதும் நிலைமை தலைகீழானது. அக்டோபர் புரட்சியை நினைவூட்டும் அக்தியாப்ரினா போன்ற புதுப் பெயர்களும், லெனின் பெயரைத் திருப்பிப் போட்ட நினேல் போன்றவையும் அப்போதுதான் வந்தன. தேவாலயத்தின் சாயல் இல்லாத, ஆனால் காதுக்கு இனிய, ஏற்கெனவே கவிதையால் பழகிய ஸ்வெத்லானா அந்தப் புதுச் சூழலுக்கு இயல்பாகப் பொருந்தியது. ஸ்டாலின் 1926இல் பிறந்த தம் மகளுக்கு வைத்த பெயரும் இதுதான். செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கின் விளக்குத் தொழிற்சாலை ஒன்று புரட்சிக்கு முன்பே இதே பெயரை வணிகச் சின்னமாகக் கொண்டிருந்தது. ஒளிரும் மின்விளக்கு என்பதற்கான ரஷ்யச் சொற்களின் முதல் அசைகளைக் கோத்தாலும் ஸ்வெத்லானா என்றே வரும். இவ்வளவு வளமான பகுதியை அறிக்கை நான்கே வரிகளில் முடித்துவிட்டது எனக்குப் பெருங்குறையாகவே படுகிறது.

புகழ்பெற்றோர் பட்டியல் சுருக்கமானது, பிழையற்றது. 1984இல் விண்வெளியில் நடந்த முதல் பெண்ணான ஸவீத்ஸ்கயா, 2015இல் இலக்கிய நோபல் பெற்ற அலெக்சியேவிச், டென்னிஸ் வீராங்கனை குஸ்னெத்சோவா ஆகியோர் இருக்கிறார்கள். எண்கணிதப் பலனும் ராசிக்கல்லும் சொல்லும் கடைசிப் பக்கத்தை நான் படிக்கவில்லை.

பிழைகளைக் குறிப்பிட்டு, சான்றுகளோடு சேவைக்கு எழுதினேன். ஐந்தாம் நாள் மரியாதையான பதில் வந்தது. 'புனிதமானவள்' என்ற பொருள் நீக்கப்பட்ட திருத்தப் பதிப்பும் உடன் வந்தது. தொன்மை பற்றிய வாக்கியம் மட்டும் அப்படியே நீடிக்கிறது. பணத்தைத் திருப்பித் தருவதாகச் சொன்னார்கள்; ஒலிப்பதிவுக்காகவும் செல்லப் பெயர்ப் பக்கங்களுக்காகவும் நான் அதை ஏற்கவில்லை. உச்சரிப்பும் அழைக்கும் முறையும் அறிய விரும்புகிறவர்களுக்கு இந்தச் சேவையைத் தயக்கமின்றிப் பரிந்துரைப்பேன். குழந்தைக்குப் பெயர் தேடுகிறவர்கள் பொருள் பகுதியை நல்ல அகராதி ஒன்றோடு ஒப்பிட்டுக்கொள்ள வேண்டும். வரலாற்றுப் புனைவு எழுதுகிறவர்கள் ஆறாம் பக்கத்தை நம்பி எதையும் எழுதிவிடக் கூடாது.

என் கதையின் கிராமத்துப் பெண் இப்போது ஃபெதீன்யா ஆகிவிட்டாள். ஃபொதீனாவைக் குடியானவர்கள் தம் நாவுக்கு ஏற்றபடி அழைத்த வடிவம் அது. 1926இல் பிறக்கும் அவளுடைய பேத்தியை அரசு அலுவலகத்தில் ஸ்வெத்லானா என்று பதிகிறார்கள்; பாட்டியோ அவளை முதல் நாளிலிருந்தே ஸ்வேதிக் என்று அழைக்கிறாள்.