எர்லாங் பி, சி, ஏ: உச்ச நேர அழைப்புகளுக்கு எந்தக் கணக்கு?

ஒரு கால் சென்டருக்கு எத்தனை போன் லைன் வேண்டும், அழைப்பை எடுத்துப் பேச எத்தனை ஏஜென்ட் வேண்டும் என்ற இரண்டு கேள்விக்கும் ஒரே கால்குலேட்டரைத் திறக்கிறவர்கள் நிறைய. இடம் கிடைக்காத அழைப்பு அடுத்து என்ன ஆகிறது என்பதை வைத்துத்தான் எர்லாங் பி, சி, ஏ என்ற மூன்று சூத்திரங்களில் ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டும். அது போய்விடலாம், காத்திருக்கலாம், கொஞ்சம் பொறுத்துப் பார்த்துவிட்டு வைத்துவிடலாம், உடனே திரும்பவும் வரலாம்.

ஒரே உதாரணத்தை எல்லாவற்றிலும் போட்டுப் பார்ப்போம். பிஸி ஹவரில், அதாவது நாளிலேயே அதிக அழைப்பு வரும் ஒரு மணி நேரத்தில், 200 அழைப்புகள், ஒவ்வொன்றும் சராசரி 180 விநாடி. பேசி முடித்தபின் ஏஜென்டுக்கு வேறு வேலை இல்லை என்று வைத்துக்கொள்ளலாம். 200-ஐ 180-ஆல் பெருக்கி 3600-ஆல் வகுத்தால் 10 எர்லாங் (அழைப்புச் சுமையை அளக்கும் அலகு), அதாவது அந்த மணி நேரத்தில் எந்த நொடியில் பார்த்தாலும் சராசரியாகப் பத்து அழைப்புகள் ஓடிக்கொண்டிருக்கும். நாள் முழுக்க வந்ததை 24-ஆல் வகுத்து இந்த இடத்தில் போட்டால் அதற்கப்புறம் எந்தச் சூத்திரமும் காப்பாற்றாது.

எர்லாங் பி லைன்களுக்கானது. கோபன்ஹேகன் தொலைபேசி நிறுவனத்தில் வேலை பார்த்த எர்லாங் இதையும் சி-யையும் 1917-ல் வெளியிட்டார். லைன் இல்லையா, பிஸி டோன், அழைப்பு போய்விட்டது என்பது இதன் அனுமானம். நூற்றில் ஒன்றுக்கு மேல் இழக்கக் கூடாது என்றால் 10 எர்லாங்குக்கு 18 லைன். 12 லைனோடு நிறுத்தினால் இழப்பு 12 சதவீதம் என்று பி சொல்லும். ஆனால் பிஸி டோன் கேட்டவர்களில் பாதிப் பேர் திரும்ப அடித்தால் அது 15 சதவீதமாகிவிடும். இந்த மறு அழைப்பைச் சேர்த்துக் கணக்கிடுவதுதான் விரிவாக்கப்பட்ட பி, லைன் பற்றாக்குறையாக இருக்கும்போது இதைத்தான் பார்க்க வேண்டும். இன்னொன்று, அதே 1 சதவீத இழப்பில் 10 லைன் தாங்குவது சுமார் 4.5 எர்லாங், 100 லைன் தாங்குவதோ 84. பத்துப் பத்தாகப் பிரித்து வைத்தால் கையில் இருப்பதில் கிட்டத்தட்ட பாதித் திறன் வீண், சேர்த்து வைக்க முடிந்தால் சேர்த்துவிடுங்கள்.

எர்லாங் சி வேறு உலகம். வந்தவர் எல்லாரும் கியூவில் நிற்பார்கள், ஒருவர்கூட போனை வைக்க மாட்டார் என்று அது நம்புகிறது. 14 ஏஜென்ட் இருந்தால் 89 சதவீத அழைப்புகள் 20 விநாடிக்குள் எடுக்கப்படும், 13 என்றால் 79.6, வழக்கமான 80 சதவீத இலக்கு மயிரிழையில் தவறும். 11-க்கு இறங்கினால் சராசரிக் காத்திருப்பு 123 விநாடி. 10 என்றால் கியூ முடிவில்லாமல் வளர்கிறது, விடையே கிடையாது.

நிஜத்தில் அப்படி நடப்பதில்லை, ஏனென்றால் மனிதர்கள் பொறுமை இழக்கிறார்கள். 1946-ல் ஸ்வீடனின் கோனி பாம் அந்தப் பொறுமையைக் கணக்குக்குள் கொண்டுவந்தார், இன்று அதற்கு எர்லாங் ஏ என்று பெயர். சராசரிப் பொறுமை 180 விநாடி என்று வைத்து அதே 11 ஏஜென்டைப் போட்டால் சராசரிக் காத்திருப்பு வெறும் 15 விநாடி, 8 சதவீதம் பேர் பேசாமலே வைத்துவிடுகிறார்கள். 123 எங்கே, 15 எங்கே! சி-யை நம்பினால் பயந்துபோய் அதிக ஆட்களை எடுப்போம், கூடவே இழந்த 8 சதவீதம் கண்ணில் படவே படாது. எனக்கு இரண்டாவதுதான் பெரிய குறை.

ஏ-வுக்குப் பொறுமையின் அளவு வேண்டும், நிறைய பேர் தடுக்கி விழுவது அங்கேதான். போனை வைத்தவர்கள் காத்திருந்த சராசரியை எடுத்தால் பொறுமை குறைவாகத் தெரியும், ஏனென்றால் இன்னும் பொறுத்திருக்கக்கூடியவர்களுக்கு நடுவிலேயே ஏஜென்ட் கிடைத்துவிட்டார். எல்லாருடைய காத்திருப்பு நேரத்தையும் கூட்டி, வைத்தவர்களின் எண்ணிக்கையால் வகுங்கள்.

சூத்திரத் தேர்வு லைன் கணக்கையும் ஆட்டும், கியூவில் நிற்பவரும் ஒரு லைனைப் பிடித்துக்கொண்டுதானே இருக்கிறார். சி சொல்கிறபடி 11 ஏஜென்டோடு 123 விநாடி காத்திருப்பு என்றால் லைன்களின் மேல் சுமை 16.8 எர்லாங், 26 லைன் வேண்டும். ஏ-படி சுமை 10-லேயே நிற்கிறது, 18 போதும்.

என் தேர்வு: லைனுக்கு பி, ஆளுக்கு ஏ. ஆள் தாராளமாக இருக்கும் ஷிப்டில் சி-யும் ஏ-வும் பக்கத்தில் பக்கத்தில்தான் வரும், அங்கே சி தாராளமாகப் போதும். சூத்திரம் தரும் ஆள் எண்ணிக்கை அந்த நொடியில் ஹெட்செட்டோடு இருக்க வேண்டியவர்கள் மட்டுமே. விடுப்பு, பயிற்சி, இடைவேளைக்கு 30 சதவீதம் போகிறதென்றால் 14 பேருக்கு 20 பேரைப் பட்டியலில் வைக்க வேண்டும். சேவை முடங்கி எல்லாரும் ஒரே நேரத்தில் அழைக்கிற நாளில் மூன்றுமே உதவாது, அழைப்புகள் ஒன்றுக்கொன்று தொடர்பில்லாமல் வருகின்றன என்ற அடிப்படையே உடைந்துவிடுகிறது. அதற்குத் தனியாக சிமுலேஷன் ஓட்டிப் பார்க்க வேண்டும்.