டீக்கடைப் பேச்சா, எழுத்து மனுவா?

கிருஷ்ணகிரி மாங்கூழ் ஆலைகளில் சீசன் வந்தால் இரவு ஷிப்ட் யாருக்கு என்பதில்தான் சண்டை மூளும். ஒரே நிலையில் வேலை பார்ப்பவர்களுக்குள் நேரில் பேசுவதே நல்லது. நான் வேலை பார்த்த ஆலையில் முகம் கொடுத்துப் பேசாத இருவர், வாசல் டீக்கடை பெஞ்சில் உட்கார்ந்து, ஷிப்ட் அட்டவணையின் பின்பக்கத்தில் பேனாவால் முறை பிரித்துக்கொண்டார்கள். டீ ஆறுவதற்குள் முடிந்துவிட்டது.

எதிரில் இருப்பவர் மேற்பார்வையாளர் என்றால் அந்தப் பெஞ்ச் உதவாது. எழுத்து மனுதான் சரி. 20 தொழிலாளர்களும் அதற்கு மேலும் உள்ள இடங்களில் குறைதீர்ப்புக் குழு இருக்க வேண்டும். நிர்வாகம், தொழிலாளர் என இரு தரப்பிலும் சம எண்ணிக்கையில் உறுப்பினர்கள். தாமதமாகும்தான், ஆனால் தேதியிட்ட நகல் கையில் நிற்கும்.

பெண்களுக்குப் பாலியல் தொல்லை என்றால் சமரசப் பேச்சுக்குத் தயவுசெய்து உட்காராதீர்கள். பணியிடப் பாலியல் தொல்லையைத் தடுக்கும் 2013 சட்டப்படி, சம்பவம் நடந்த 3 மாதத்துக்குள், இத்தகைய புகாரை விசாரிக்க நிறுவனத்துக்குள் அமைக்கப்படும் உள்ளகக் குழுவிடம் எழுதிக் கொடுங்கள்.