வெயிலுக்கென விற்கப்படும் புரோமிலியாடுகள்: மாடித்தோட்டத்தில் மூன்று வகைகள்

அன்னாசியின் குடும்பத்தைச் சேர்ந்த புரோமிலியாடுகள் அண்மைக் காலமாகச் சென்னையின் நர்சரிகளில் தாராளமாகக் கிடைக்கின்றன. "முழு வெயிலில் வண்ணம் தரும்" என்ற விளம்பரத்தை நம்பி, கூரியரில் செடி அனுப்பும் ஒரு நர்சரியிடமிருந்து மூன்று வகைகளை வரவழைத்தேன். கோடையும் வடகிழக்குப் பருவமழையும் கடந்துவிட்ட நிலையில், இரண்டு வகைகள் கொடுத்த விலைக்கு மேலாகவே பலன் தந்திருக்கின்றன என்றும், மூன்றாவது வெயில் செடியே அல்ல என்றும் உறுதியாகச் சொல்ல முடிகிறது.

மூன்றில் சிறந்தது ஏக்மியா பிளாஞ்செட்டியானா. பிரேசிலின் பாகியா கடற்கரையை ஒட்டிய மணற்பாங்கான நிலங்களில் வெயிலும் உப்புக்காற்றும் தாங்கி வளரும் செடி என்பதால், சென்னையின் தட்பவெப்பம் அதற்கு அந்நியமாக இல்லை. வந்து சேர்ந்தபோது அது மங்கிய பச்சை நிறத்தில்தான் இருந்தது. காலை வெயிலில் தொடங்கி, படிப்படியாக நாள் முழுவதும் வெயில் படும் இடத்துக்கு நகர்த்திய பிறகே இலைகள் மஞ்சளாகி, பின்னர் செம்பும் ஆரஞ்சும் கலந்த நிறத்துக்கு மாறின. நிறம் வந்துவிட்டதே என்று அதை நிழலுக்குக் கொண்டுபோனால் மீண்டும் பச்சைக்கே திரும்பிவிடும். ஏறக்குறைய ஒரு மீட்டர் அகலத்துக்கு விரியக்கூடிய, இலை ஓரங்களில் சிறு முட்கள் கொண்ட இச்செடி, பிள்ளைகள் ஓடியாடும் குறுகிய பால்கனிக்கு ஏற்றதன்று.

நியோரெஜீலியா 'ஃபயர்பால்' அளவில் மிகச் சிறியது. நல்ல வெளிச்சத்தில் அடர்ந்த சிவப்பாகவும் வெளிச்சம் குறைந்தால் வெறும் பச்சையாகவும் இருக்கும். ஓடுதண்டுகளின் நுனியில் கன்றுகள் விட்டுக்கொண்டே போவதால், தொங்கு தொட்டியில் வைத்தால் விரைவில் கொத்தாக நிறைந்துவிடுகிறது. கத்திரி வெயிலில் மட்டும் இதன் சிவப்பு வெளிறத் தொடங்கியது. நண்பகல் நேரத்துக்கு ஒரு நிழல் வலை கட்டியதும் புதிய இலைகள் பழைய நிறத்திலேயே வந்தன.

மூன்றாவதாக வந்த குஸ்மேனியாவைப் பற்றித்தான் குறை சொல்ல வேண்டியிருக்கிறது. அமெரிக்கக் கண்டத்து மழைக்காடுகளில் மரநிழலில் வாழும் இச்செடியை "முழு வெயில்" என்ற சீட்டுடன் அனுப்புவது அறியாமை, அல்லது அதைவிட மோசமான ஒன்று. அதன் மென்மையான இலைகள் சில நாள்களிலேயே வெளுத்துக் கருகின. நடுவில் சிவந்து நிற்பது பூவும் அன்று, பூவைச் சூழ்ந்த, இலை போன்ற வண்ணச் செதில்களே. அவை மாதக்கணக்கில் நிலைத்தாலும், மங்கிய பிறகு அதே செடி மீண்டும் பூப்பதில்லை. புரோமிலியாடுகளில் பெரும்பாலானவை வாழையைப் போல ஒரு முறை பூத்து, பக்கக் கன்றுகளை விட்டுவிட்டு மடிபவை. கடையில் வாங்குபவருக்கு எளிய சோதனை ஒன்று உண்டு: இலை விறைப்பாகவும் ஓரத்தில் முள்ளோடும் இருந்தால் வெயிலைத் தாங்க வாய்ப்பு அதிகம், தளர்ந்து, மெல்லியதாக, பளபளக்கும் பச்சையாக இருந்தால் நிழலுக்கு உரியது.

செடிகளை மண்ணில்லாமல், வேரில் காகிதம் சுற்றி அனுப்பியிருந்த முறை பாராட்டத்தக்கது. இவை நீரையும் சத்தையும் பெருமளவு இலைப்பரப்பிலுள்ள நுண்ணிய செதில்கள் வழியாகவே எடுத்துக்கொள்வதால் பயணத்தில் வாடவில்லை. ஆனால் உடன் வந்த வளர்ப்புக் குறிப்பு அட்டையைக் கிழித்துப் போடுவதே நல்லது. அழுகலுக்குத் தாமிரம் கலந்த பூஞ்சைக்கொல்லியைத் தெளிக்குமாறு அதில் எழுதியிருக்கிறது. தாமிரம் புரோமிலியாடுகளுக்கு நஞ்சு. தனித் தேங்காய்நார்த் தூளில் நடவும் சொல்கிறது. அடைமழையில் அந்தத் தூள் நாள்கணக்கில் ஈரம் வற்றாமல் கிடந்து அடித்தண்டை அழுகச் செய்யும். தேங்காய் மட்டைத் துண்டுகளும் கரித்துண்டுகளும் கலந்த கலவையில் நீர் உடனே வடிந்துவிடுகிறது.

இலைகளின் அடிப்பகுதிகள் சேர்ந்து நடுவில் உருவாகும் இலைக்குவளையில் நீர் நிற்க வேண்டும் என்பதைச் சரியாகச் சொல்லும் அந்த அட்டை, கொசுவைப் பற்றி வாய் திறக்கவில்லை. டெங்கு பரப்பும் ஏடிஸ் கொசுவுக்கு இத்தகைய சிறு தேக்கங்களே போதும். வாரம் ஒரு முறையேனும் குழாயைப் பீய்ச்சிக் குவளையின் பழைய நீரை முழுவதும் வெளியேற்றிப் புது நீர் நிரப்ப வேண்டும். ஊருக்குப் போகிறவர்கள் கொசுப்புழுவைக் கொல்லும் பி.டி.ஐ. என்ற நுண்ணுயிர் மருந்தைச் சிறிது இட்டுச் செல்லலாம். போர் தண்ணீரின் உப்பு இலைகளில் வெள்ளைத் திட்டாகப் படிவதால் மழைநீரே உத்தமம். மிச்சப்படுத்தும் எண்ணத்தில் ஆர்.ஓ. கழிவுநீரை ஊற்றிவிடக் கூடாது. உரத்தையும் குறைத்தே இட வேண்டும், ஏனெனில் தழைச்சத்து மிகுந்தால் வண்ணம் போய்ப் பச்சை ஏறிவிடும்.

விலை சாதாரணத் தொட்டிச் செடிகளைவிடக் கூடுதல்தான். ஆயினும், கன்று தாயின் மூன்றில் ஒரு பங்கு உயரம் வளர்ந்ததும் பிரித்து நட முடிவதால், ஃபயர்பால் போன்ற வகையில் ஒரு செடிக்கு மேல் வாங்கத் தேவையில்லை. இதே நர்சரியிடம் மீண்டும் வாங்குவேன். ஆனால் பணம் அனுப்பும் முன், தாய்ச்செடி திறந்த வெயிலில் நிற்கும் படத்தைக் கேட்டுப் பார்த்த பிறகே வாங்குவேன்.