லெ மெப்ரி சவுண்ட்ட்ராக்: ஒரே தீம், ஆனா என்ன தீம்!

ஜார்ஜ் டெலரூங்கற ஃப்ரெஞ்ச் கம்போசர் பேரே கேள்விப்படாதவங்களுக்கும் இந்த ட்யூன் காதுல விழுந்திருக்கும், ஏன்னா 1995ல ஸ்கோர்செஸி தன்னோட கேசினோ படத்துல இதையே எடுத்துப் போட்டிருந்தாரு. ஒரிஜினலா 1963ல ஃப்ரெஞ்ச் டைரக்டர் கோதார் எடுத்த லெ மெப்ரி படத்துக்குப் போட்டது. கமீல் தீம்னு சொல்லுவாங்க, கமீல்னா படத்துல பிரிஜித் பார்தோ.

குறையை முதல்ல சொல்லிடறேன். ரொம்ப சின்ன ஆல்பம், அதுலயும் ட்ராக் பேரு மாறுதே தவிர மெட்டு சுத்திச் சுத்தி அங்கதான் வந்து நிக்குது. வெரைட்டி வேணும்னா இது உங்களுக்கு செட் ஆகாது, வேலை பாத்துக்கிட்டே பின்னாடி ஓடவிடவும் லாயக்கில்ல, கையில இருக்கற வேலை நின்னுடும்.

ஆனா படத்தைப் பாத்துட்டு வந்து கேளுங்க. கோதார் இந்த மியூசிக்கை இஷ்டத்துக்கு வெட்டி ஒட்டியிருப்பாரு, புருஷனும் பொண்டாட்டியும் சாதாரணமா ஏதோ பேசிட்டிருப்பாங்க, திடீர்னு வயலின் மேல ஏறி வரும், அப்புறம் அது பாட்டுக்கு காணாமப் போயிடும். ஆல்பத்துல அந்தக் கத்தரி கிடையாது. கீழ கனமான ஸ்ட்ரிங்ஸ் நிதானமா நகர, மேல வயலின் ஒரு வரியை முடிக்கற மாதிரி வந்து முடிக்காம அடுத்த வரிக்குள்ள நுழையுது பாருங்க, அந்த எடத்துல எனக்கு இன்னமும் தொண்டை அடைக்குது. இத்தனைக்கும் ஒரு எடத்துலகூட மனுஷன் ஒப்பாரி வைக்கல.

டெலரூ 1925ல ஃப்ரான்ஸ்ல ரூபேங்கற ஊர்ல பொறந்து, சின்ன வயசுலயே ஃபாக்டரி வேலைக்குப் போய், அப்புறம் பாரிஸ் கன்சர்வேட்டரில தாரியுஸ் மியோங்கற கம்போசர்கிட்ட படிச்சவரு. டைரக்டர் த்ரூஃபோவுக்கு ஆஸ்தான கம்போசர் மாதிரி. 1979ல வந்த எ லிட்டில் ரொமான்ஸ் படத்துக்கு ஆஸ்கர் வாங்கினாரு, ஆனா பிளட்டூன் படத்துல டைரக்டர் ஆலிவர் ஸ்டோன் இவர்கிட்ட மியூசிக் வாங்கிட்டு முக்கியமான எடத்துலல்லாம் சாமுவேல் பார்பர்ங்கற அமெரிக்க கம்போசரோட அடாஜியோவையே வச்சுக்கிட்டாரு, எனக்கு அந்தக் கடுப்பு இன்னும் தீரல.

வாங்கறவங்க ஒண்ணு கவனிக்கணும். இத்தாலில ரிலீஸான வெர்ஷன்ல டெலரூ மியூசிக்கைத் தூக்கிட்டு இத்தாலி கம்போசர் பியரோ பிச்சியோனியைப் போட வச்சாங்க, அது ஜாஸ் பக்கம் போற வேற சமாச்சாரம். கேக்க நல்லாத்தான் இருக்கும், ஆனா நீங்க தேடறது அது இல்ல. கவர்ல பார்தோ படத்தைப் பாத்துட்டு அவசரப்படாம கம்போசர் பேரை ஒரு தடவை படிச்சுட்டு எடுங்க.

இதுல சோகம் ஓவராத் தெரிஞ்சா 1973ல த்ரூஃபோ எடுத்த டே ஃபார் நைட் படத்துக்கு டெலரூ போட்ட கிராண்ட் கோரல்ங்கற ட்ராக்கைப் போடுங்க. ட்ரம்பெட் பளபளன்னு பரோக்னு சொல்ற பழைய ஐரோப்பிய ஸ்டைல்ல வரும், ஷூட்டிங் ஸ்பாட்டே கல்யாண வீடு மாதிரி ஆயிடும்.