தனி ஓலைக் கூரை: மழைக்கு நல்லது, சோற்றுத் தட்டுக்கு ஆகாது

பர்மாவில் மோல்மீன் பக்கம் வீடு கட்டிக்கொண்டிருக்கும் மச்சான், கூரைக்குத் தனி ஓலையா, தகரமா என்று விடாமல் கேட்கிறார். தனி என்பது நிப்பா பனைக்கு இங்கே வழங்கும் பர்மியப் பெயர். ஏப்ரலில் வரும் பர்மியப் புத்தாண்டான திஞ்சானுக்கு முன்னால்தான் எங்கள் கூரையின் மேற்குப் பக்கத்தைப் பிரித்து வேய்ந்தோம். அந்தச் சூடு ஆறுவதற்குள் எழுதிவிடுகிறேன்.

ஓலையில் எனக்குக் குறையே இல்லை. ஆண்டுக்கு 4,500 மில்லிமீட்டருக்கு மேல் மழை கொட்டும் ஊர் இது. சரிவை நன்றாகத் தூக்கி, வரிசைகளை நெருக்கி வேய்ந்தால் சொட்டுக்கூட உள்ளே வராது. மூன்று நான்கு வருடம் தாங்கும். கீற்று எண்ணிக்கையில் கஞ்சத்தனம் பண்ணினால்தான் ஒழுகும்.

என் சண்டை மூங்கிலோடு. சேற்றில் வளரும் தனியின் இலைகளை மூங்கில் பிளாச்சில் மடித்துத் தைத்ததுதானே கீற்று? அந்தப் பிளாச்சில் மூங்கிலைத் துளைக்கும் வண்டு குடியேறிவிடுகிறது. அது குடைந்து உதிர்ப்பதுதான் எங்கும்: கட்டிலில் வெளிர் மஞ்சள் நிறத் தூள், சாமி படத்தில் தூள், ரசத்தில் தூள். காலையில் துடைத்தால் மதியத்துக்குள் மறுபடியும் வந்துவிடும். வண்டுக்கு வேண்டியது மூங்கிலில் உள்ள மாவுச்சத்து. வெட்டிய மூங்கிலைச் சில வாரம் ஓடையில் ஊறப்போட்டால் அது பெரும்பாலும் போய்விடும். வியாபாரியைக் கேட்டால், "ஊறினதுதான் அண்ணே" என்பார். எதில் ஊறியதோ, எவ்வளவு நேரம் ஊறியதோ!

இன்னும் எரிச்சல் என்னவென்றால், ஒரே கட்டாக வாங்கிய கீற்றைத்தான் அடுப்படிக்கும் போட்டோம். அங்கே தூளே கிடையாது. விறகுப் புகை பட்ட மூங்கிலை வண்டு தொடுவதில்லை, ஓலையும் கூடுதல் காலம் உழைக்கிறது. அதற்காகக் கூடத்தில் அடுப்பு மூட்டவா முடியும்?

கோடையில் தீ பயம் வேறு. வாசலில் எரியும் ஓலையை இழுத்துத் தள்ளத் தீக்கொக்கி, தீயடிப்பான், தண்ணீர், மணல் மூட்டை எல்லாம் தயாராக இருக்க வேண்டும். அது பழகிவிட்டது. 2008 மே மாதம் நர்கிஸ் புயல் ஐராவதிக் கழிமுகத்தில் ஓலைக் கூரைகளை வாரிக்கொண்டு போனதைத் தகரக் கட்சிக்காரர்கள் சொல்லிக் காட்டுவார்கள். அந்தக் காற்றில் தகரமும்தான் பறந்தது.

சரி, நல்லதையும் சொல்ல வேண்டும். ஏப்ரல் உச்சி வெயிலில் கரண்ட் போனாலும் எங்கள் கூடத்தில் படுத்துத் தூங்கலாம். தகரம் போட்ட சித்தி வீட்டில் அந்த நேரம் எல்லோரும் வேப்பமரத்தடிக்குப் போய்விடுவார்கள். ஆடி மாத அடைமழையில் அங்கே பேச்சு கிடையாது, கை ஜாடைதான். எங்கள் வீட்டில் மழை பெய்வதே வாசலுக்கு வந்தால்தான் தெரியும். இந்த ஒரு சுகத்துக்காகவே மறுபடியும் மறுபடியும் ஓலை வேய்ந்துகொண்டிருக்கிறேன்.

ஆனாலும் மச்சான், இன்று மீன் குழம்பில் விழுந்ததைப் பார்த்த பிறகு சொல்கிறேன்: தகரமே போட்டுக்கொள்ளுங்கள். மழைக்காலத்தில் மட்டும் எனக்குப் போன் பண்ணாதீர்கள், நீங்கள் பேசுவது ஒன்றும் கேட்காது.